நகைவாணர் டான் லீனோ

மெய்ப்பாடுகளை எட்டென வகுத்த தொல்காப்பியனார், நகையை முதற்கண் வைத்து, அழுகையை அதன் அருகிலேயே நிறுத்தினார். இவ்விரண்டும் அண்டை வீட்டாரே என்பதற்கு ஆங்கில நாட்டு அரங்கிலிருந்து ஒரு சான்று காட்ட விரும்புகின்றோம்.

1860-ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்களில், இலண்டன் மாநகரில், மேடைத் தொழிலால் பிழைத்த ஓர் ஏழைக் குடும்பத்தில் டான் லீனோ பிறந்தார். இயற்பெயர் ஜார்ஜ் கால்வின். நான்கு வயதிலேயே உடலை வளைத்துக் காட்டும் வித்தையுடன் மேடையேறினார். மரச்செருப்பு அணிந்தாடும் ஆட்டத்தில் தேர்ந்து, 1880-இல் லீட்ஸ் நகரில் உலக வீரர் என்னும் பட்டமும் பெற்றார். ஆனால் 1885-இல் இலண்டன் அரங்குகளுக்கு வந்தபோது, அவர் ஆட்டத்தினும் நகைப்பாட்டையே மக்கள் பெரிதும் விரும்பினர்.

அவர் பாடிய முறையே புதுமையானது. ஓரடி பாடுவார், உடனே பாட்டை மறந்தவர் போலப் பேசத் தொடங்குவார். கடைச் சிப்பந்தி, கோபுரக் காவலாளி, வாயாடிக் கிழவி எனப் பற்பல வேடங்கள். கெல்லியம்மை என்றொரு பெண்மணியைப் பற்றி ஓயாது பேசுவார். அவளைத் தெரியாதவரும் உளரோ என்று சபையோரைப் பார்த்தே வியப்பார். அவளோ மேடைக்கு வருவதேயில்லை. 1901 முதல் 1903 வரை இசைத்தட்டுகளில் பதிவான அவர் குரலை யாமும் கேட்டோம். இரைச்சல் மிகுந்த அவ்வொலியில் முதலிற் சில சொற்களே விளங்கின. எனினும், மூச்சு விடாமல் தன் வழக்கை எடுத்துரைக்கும் ஓர் எளிய மனிதரின் பதைப்பு விளங்கியது, நகைத்தோம், உடனே இரக்கமும் எழுந்தது.

1888 முதல் 1904 வரை டுரூரி லேன் அரங்கின் குளிர்கால நாடகங்களில் அவர் நடித்தார். பெரும்பாலும் முதுமகள் வேடமே பூண்டார். 1902-இல் ‘மதர் கூஸ்’ நாடகத்தில், செல்வம் வந்தும் அழகு வேண்டி ஏங்கும் கிழவியாக வந்தார். முந்திய ஆண்டிலேயே ஏழாம் எட்வர்டு மன்னர் திருமுன் நடித்து ‘அரசரின் விகடகவி’ எனப் பெயர் பெற்றிருந்தார். ஆயினும் 1903-இல் அவர் மனநலம் குன்றியது. ஷேக்ஸ்பியரின் நாடகங்களில் நடிக்க வேண்டும் என்னும் வேட்கை அவரை விடாது பற்றியிருந்தது. 1904 அக்டோபர் 31-இல், நாற்பத்து மூன்றாம் வயதில் மறைந்தார். அவரைச் சிரித்து வழியனுப்பிய நகர மக்கள், இறுதி ஊர்வலத்தன்று தெருவெல்லாம் நிறைந்து நின்றனர்.

பிரிட்டனில் இன்றும் கிறிஸ்துமஸ் காலத்து நாடகங்களில் ஆடவர் பூணும் முதுமகள் வேடம், அவர் வகுத்த வழியிலேயே நடக்கின்றது. சார்லி சாப்ளினும் சிறுவயதில் மரச்செருப்பாட்டக் குழுவொன்றில் தொழில் தொடங்கியவரே. ஏழையின் துயரும் நகையும் ஒன்றாய்க் கலந்த நெறி அவரிடத்தும் தொடர்வதைக் காண்கின்றோம்.

நகை தோன்றும் நிலைக்களன்கள் நான்கனுள் எள்ளலும் ஒன்று. அது எளிதிற் கைவருவது. லீனோவோ தாம் பிறந்த தெருவின் மாந்தரை மேடையேற்றியும், அவர்களை எள்ளினாரல்லர். மேடையேறி நகைப்பூட்ட விழையும் மாணவ நண்பர்காள், நும் வேடத்திற்கு உரியவர் சபையில் அமர்ந்திருப்பின் அவரும் உடன் சிரிப்பரோ என்று ஒருகணம் எண்ணிப் பார்மின்.