கல்லில் நிற்கும் வீரரும் தகரத்தில் மலர்ந்த சிலுவையும்

கிருஷ்ணகிரியிலிருந்து ஓசூர் நோக்கிச் செல்லும் தேசிய நெடுஞ்சாலையில் சிறிது தொலைவு சென்றால் குந்தாரப்பள்ளிக் கூட்டுரோடு வருகிறது. வெள்ளிக்கிழமைதோறும் இங்கே சந்தை கூடும். ஆடுகளும் மாடுகளும் கைமாறும். தமிழும் தெலுங்கும் கன்னடமும் ஒரே பேரத்திற்குள் கலந்து ஒலிக்கும். சாலையிலோ பெங்களூர் நோக்கி விரையும் லாரிகளின் இரைச்சல். இத்தனை ஆரவாரத்திற்கும் அருகிலேயே ஆயிரம் ஆண்டுப் பழமை அமைதியாக நின்றுகொண்டிருக்கிறது என்பதை நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

சென்ற தைமாதத்தில், எங்கள் உபதேசியாருடன் கூட்டுரோட்டிலிருந்து வேப்பனப்பள்ளி சாலையில் புறப்பட்டேன். தமிழகமும் கருநாடகமும் ஆந்திரமும் எல்லை பகிர்ந்துகொள்ளும் பகுதி இது. மாந்தோப்புகளும் பாறைக்குன்றுகளும் மாறி மாறி வந்தன. இப்பக்கத்தில் உள்ள சின்னகொத்தூர்தான் பண்டைய குந்தாணி. 13-ஆம் நூற்றாண்டில் ஹொய்சள மன்னன் வீர ராமநாதன் தலைநகராகக் கொண்டிருந்த ஊர். இன்று அங்கே அரண்மனையைத் தேட முடியாது. ஆனால் நடுகற்களைக் காணலாம்.

வழியில் ஒரு வயலோரம் வண்டியை நிறுத்தச் சொன்னார் உபதேசியார். இடுப்பளவு உயரமுள்ள பலகைக்கல் ஒன்று. அதிலே வில்லும் வாளும் ஏந்தி ஒரு வீரன். நெற்றியில் மஞ்சளும் குங்குமமும். கீழே அணைந்துபோன அகல் ஒன்று.

"இவரை இந்தப் பக்கம் வேடியப்பன்னு கும்பிடுவாங்க, சாமி. மாடு பிடிக்க வந்தவங்களோட சண்டை போட்டுச் செத்தவராம்" என்றார் அவர்.

கிருஷ்ணகிரி, தருமபுரி, திருவண்ணாமலை மாவட்டங்களில் நடுகல் வீரர்கள் பலர் இவ்வாறே வேடியப்பன் ஆகியிருக்கின்றனர். ஆநிரை கவர்தலும் மீட்டலும் பழந்தமிழர் போரின் தொடக்கம். மீட்கச் சென்று மாண்டவனுக்குக் கல் எடுக்கும் முறையைத் தொல்காப்பியம் ஆறு நிலைகளாக வகுத்துரைக்கிறது: கல்லைத் தேர்ந்து காண்பது முதல் நட்டு வாழ்த்துவது வரை. சில கற்களில் மூன்று அடுக்குகள் இருக்கும். கீழே போர், நடுவில் வானமகளிர் வீரனை ஏந்திச் செல்லுதல், மேலே அவன் இறைவன் திருமுன் அமர்ந்திருத்தல். செங்கம் பகுதியைச் சேர்ந்த எடுத்தனூரில், மகேந்திரவர்ம பல்லவன் காலத்துக் கல் ஒன்றிலே, தலைவனோடு நின்ற கோவிவன் என்னும் நாய்க்கும் இடம் தந்திருக்கிறார்கள். அது கள்வர் இருவரைக் கடித்ததாம். நன்றி மறவாமைக்கு இதைவிடச் சான்று வேண்டுமோ?

அந்தக் கல்லின் முன் நின்றபோது, என் மேசைமேல் இருக்கும் ஒரு சிறு தகரச் சிலுவை நினைவுக்கு வந்தது. ஹெய்ட்டி நாட்டில் பல்லாண்டு பணிபுரிந்த அருட்சகோதரி ஒருவர் எனக்களித்த பரிசு அது. பழைய எண்ணெய் டிரம்மை வெட்டிப் பிளந்து, உள்ளே சருகிட்டுக் கொளுத்தி, அடித்துத் தட்டையாக்கி, சுத்தியலும் உளியும் கொண்டு செதுக்கி எடுப்பார்களாம். அக்கலைக்கு வழிகாட்டியவர் ஜார்ஜ் லியோத்தோ என்ற கருமான். தம் ஊர்க் கல்லறைகளுக்கு இரும்புச் சிலுவை செய்து கொடுத்தவர்.

ஹெய்ட்டியின் கலையைப் பற்றிச் சொல்வதென்றால் வூடு சமயத்தைச் சொல்லாமல் முடியாது. திரைப்படங்கள் அதனைப் பில்லிசூனியம் என்றே காட்டிவிட்டன. உண்மை வேறு. ஆப்பிரிக்காவின் தகோமி, கொங்கோ முதலிய நாடுகளிலிருந்து விலங்கிட்டுக் கொண்டுவரப்பட்ட அடிமைகளின் முன்னோர் வழிபாடு அது. அடிமைகளுக்குத் திருமுழுக்குக் கொடுத்தாக வேண்டுமென்று 1685-ஆம் ஆண்டின் பிரெஞ்சுச் சட்டம் கட்டளையிட்டது. ஆனால் அவர்களை விடுவிக்கச் சொல்லவில்லை. ஆகவே அம்மக்கள் நம் புனிதர்களின் படங்களிலே தங்கள் தெய்வங்களைக் கண்டார்கள். பாம்புகளோடு நிற்கும் புனித பத்ரீசியார் அவர்களுக்குத் தம்பல்லா ஆனார். குதிரைமேல் வாளேந்திய புனித யாகப்பர் ஓகூ ஆனார். வழிபாட்டுக்கு முன் தரையில் சோளமாவினால் கோலம் போன்ற சித்திரங்களை வரைவார்கள்; சமிக்கி தைத்த கொடிகளைத் தூக்கி வருவார்கள். அந்த மக்களே 1804-ஆம் ஆண்டு சனவரி முதல் நாள் விடுதலை பெற்ற நாட்டை நிறுவினார்கள்.

1941-42-ஆம் ஆண்டுகளில் அங்கே நம் திருச்சபையினர் மூடநம்பிக்கை ஒழிப்பு இயக்கம் ஒன்றை நடத்தினார்கள். மேளங்களும் வழிபாட்டுப் பொருள்களும் குவியலாக எரிக்கப்பட்டன. வருத்தத்தோடுதான் இதை எழுதுகிறேன். அதன்பின் இரண்டே ஆண்டுகளில், 1944-இல், தலைநகர் போர்ட்-ஓ-பிரின்ஸில் ஓவியக்கூடம் ஒன்று தொடங்கப்பெற்றது. வூடு பூசாரியான எக்தர் இப்போலித் அங்கே தீட்டிய படங்கள் உலகப்புகழ் பெற்றன. அதே நகரின் ஆங்கிலிக்கப் பேராலயச் சுவர்களில் உள்நாட்டு ஓவியர்கள் விவிலியக் காட்சிகளைத் தங்கள் மக்களின் முகங்களோடு வரைந்தார்கள். 2010-ஆம் ஆண்டு நிலநடுக்கத்தில் அப்பேராலயம் இடிந்தது; அச்சுவரோவியங்களுள் மூன்று மட்டுமே தப்பின. அவற்றுள் ஒன்று ஆண்டவரின் திருமுழுக்கு.

அன்பார்ந்த வாசகர்களே, எரித்தவர்களைக் குறை சொல்ல எனக்குத் தகுதியில்லை. காரணம் சொல்கிறேன்.

ஏறக்குறைய 25 ஆண்டுகளுக்கு முன், குருப்பட்டம் பெற்ற புதிதில், இம்மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றில் பணியாற்றினேன். ஒரு குடும்பம் திருமுழுக்குப் பெற்றது. அவர்கள் நிலத்தில் இதுபோன்ற கல் ஒன்று நின்றது. அதைப் பிடுங்கிவிடுமாறு பணித்தேன். அக்குடும்பத்துப் பெரியவர் தயங்கினார். "அது சாமி இல்லீங்க, சாமி. எங்க ஊரு மாட்டைக் காக்கப் போயி செத்தவரு" என்றார். குருமடப் படிப்பின் மிடுக்கு என் காதை அடைத்திருந்தது. கல் பிடுங்கப்பட்டது. கிணற்றடியில் துணி துவைக்கும் கல்லாயிற்று. பெரியவர் மறுத்து ஒரு சொல்லும் சொல்லவில்லை. ஆனால் அதன்பின் அவர் பூசைக்கு வரவேயில்லை.

கல்லைக் கடவுளாக வணங்கலாம் என்று நான் சொல்லவில்லை. முதல் கட்டளை அன்றும் இன்றும் ஒன்றே. ஆனால் வணங்குவது வேறு, மதிப்பது வேறு. விசுவாசத்திற்கும் நல்லொழுக்கத்திற்கும் வெளிப்படையாக முரண்படாத மரபுகளை மாற்றும்படி மக்களை வற்புறுத்தாதீர்கள் என்று 1659-ஆம் ஆண்டிலேயே உரோமை மறைபரப்புப் பேராயம் ஆசியாவுக்கு அனுப்பப்பெற்ற ஆயர்களுக்கு அறிவுறுத்தியிருக்கிறது. பிற சமயங்களில் உள்ள உண்மையானதும் தூயதுமான எதையும் திருச்சபை தள்ளுவதில்லை என்று 1965-இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் போதித்தது. இவற்றை நான் தேர்வுக்காகப் படித்திருந்தேன், வயலோரத்தில் மறந்துவிட்டேன். பிறருக்காக உயிரைக் கொடுக்கும் அன்பே தலைசிறந்தது என்று பீடத்தில் நின்று போதிக்கும் நான், ஊருக்காக உயிர் கொடுத்தவனின் அடையாளத்தைச் சலவைக்கல் ஆக்கினேன்!

வேப்பனப்பள்ளி சாலையிலிருந்து திரும்பிய மறுவாரம் அச்சிற்றூருக்குச் சென்றேன். பெரியவர் இறந்து பல ஆண்டுகள் ஆகிவிட்டன. பேரன் என்னை அடையாளம் கண்டு, "வாங்க, சாமி" என்று வரவேற்றான். நான் வந்த காரணத்தைச் சொன்னேன். சற்றுநேரம் பேசாமல் நின்றான். பிறகு கடப்பாறையை எடுத்துவந்தான். நால்வர் சேர்ந்து கல்லைப் புரட்டினோம். வில் தெரிந்தது, காலடியில் ஒரு மாட்டின் கொம்பு தெரிந்தது. முகம் மட்டும் சோப்பும் நீரும் பட்டுத் தேய்ந்துபோயிருந்தது.

பழைய இடத்திலேயே குழி தோண்டி நட்டோம். பெரியவரின் ஆன்ம இளைப்பாற்றிக்காக அவ்விடத்திலேயே செபமாலையில் ஒரு பத்துமணி சொன்னோம்.

உங்கள் நிலத்திலும் இத்தகைய கல் இருக்கக்கூடும். பிடுங்காதீர்கள், விற்காதீர்கள், உங்கள் பிள்ளைகளுக்கு அதன் கதையைச் சொல்லுங்கள். பாதுகாக்க இயலாவிடில் கிருஷ்ணகிரி அரசு அருங்காட்சியகத்தாருக்குத் தெரிவியுங்கள். முகம் தேய்வதற்கு முன் தெரிவியுங்கள்.