நூறாயிரமும் ஒரு ரூபாயும்

பள்ளிப் பருவத்தில் ஒருநாள் 10⁸ ஐ 10² ஆல் வகுக்கப் பணித்தார் கணித ஆசிரியர். யாம் 10⁴ என்று எழுதினோம். வகுக்கச் சொன்னால் எட்டை இரண்டால் வகுப்பதுதானே முறை! அடுக்குகளைக் கழிக்க வேண்டும் என்றார். அடுத்த கணக்கு 10⁵ ÷ 10⁵. கழித்தோம்; சுழி வந்தது; விடையும் சுழி என்றே எழுதினோம். அவ்வேடு வகுப்பில் உரக்கப் படிக்கப்பட்டது. எழுந்த சிரிப்பொலிக்கு அஞ்சியே கணிதத்தை விட்டுத் தமிழிடம் தஞ்சம் புகுந்தோம். தமிழார்வத்தால் வந்தோம் என்று மேடைகளில் யாம் மொழிவது இடைச்செருகல்.

எட்டாம் வகுப்புப் பயிலும் எம் மகள் அண்மையில் அதே கணக்கோடு வந்து நின்றாள். "அத்தா, ஐந்தில் ஐந்து போனால் ஒன்றுமில்லையே? புத்தகத்தில் விடை ஒன்று என்று இருக்கிறதே?"

ஆசிரியரைக் கேள் என்று தப்பியிருக்கலாம். பழைய சிரிப்பொலி செவியில் விழவே, உடன் அமர்ந்தோம்.

எம்மிடம் இருந்த கருவி சொல் ஒன்றுதான். நூறாயிரம் என்று எழுதி, நூறு + ஆயிரம் எனப் பிரித்தோம். இரண்டு பத்துகளைப் பெருக்கினால் நூறு; மூன்று பத்துகளைப் பெருக்கினால் ஆயிரம்; ஐந்தும் சேர்ந்து நூறாயிரம், அதாவது 10⁵. அதனை ஆயிரத்தால் வகுத்தால் ஆயிரம் கழன்று நூறு நிற்கிறது. ஐந்தில் மூன்று போக இரண்டு. கழிபடுவது எண்ணன்று, பெருக்கலில் நிற்கும் பத்துகளின் எண்ணிக்கை. ஆண்டுதோறும் இச்சொல்லை வகுப்பில் பிரித்துக் காட்டிய எமக்கு இது அன்றுதான் விளங்கிற்று.

நூறாயிரம் ரூபாயை நூறாயிரம் பேருக்குப் பங்கிட்டால் ஆளுக்கு ஒரு ரூபாய். "பத்துதான் தீர்ந்துபோச்சு அத்தா, காசு தீரலை" என்றாள். 10⁰ என்பது அந்த ஒரு ரூபாய்.

ஆயிரம் ரூபாயை அதே நூறாயிரம் பேருக்குக் கொடுத்தால்? மூன்றில் ஐந்து போக 10⁻². ஆளுக்கு ஒரு பைசா. இங்கே எம் சொற்கருவி முனை மழுங்கியது. கால், மா, முந்திரி என்னும் நம் கீழ்வாய் இலக்கங்கள் பத்துப் பத்தாக இறங்குவன அல்ல. பன்னிரண்டாம் நூற்றாண்டில் பக்தாதில் பிறந்த அல்-சமவ்அல் தம் பத்தொன்பதாம் அகவையில் யாத்த 'அல்-பாஹிர்' என்னும் இயற்கணித நூலில், ஒன்றை நடுவே நிறுத்தி, ஒருபுறம் அடுக்குகளையும் மறுபுறம் அவற்றின் பின்னங்களையும் கட்டங்களாக வரிசைப்படுத்தினார். கட்டங்களை எண்ணி நகர்ந்தே வகுத்தார். அவ்வாறே ஒரு வரிசை வரைந்து கொடுத்தோம். மூன்றாம் கட்டத்திலிருந்து ஐந்து கட்டம் விரலால் இறங்கி, ஒன்றைக் கடந்து, பைசாவில் நின்றாள்.

அவள் உறங்கச் சென்றபின், 10⁸ ÷ 10² என்று ஒரு தாளில் எழுதி, 10⁶ என விடையிட்டோம்.