விளையாட்டுப் பட்டியலும் அண்ணனின் ஆட்டமும்



பள்ளி விடுமுறையில், பாசிர் பெனம்பாங்கிலுள்ள எங்கள் வீட்டுக் கணினியில் 'ரெட்ரோஆர்ச்' எமுலேட்டரின் விளையாட்டுப் பட்டியலை இளைய மகனும் நானும் ஒழுங்குபடுத்தினோம். ஒரே விளையாட்டு அமெரிக்க, ஐரோப்பிய, ஜப்பானியப் பதிப்புகளாக மும்முறை இடம்பெற்றிருந்தது. 50 ஹெர்ட்சுக்கான ஐரோப்பியப் பதிப்புகள் பல மெதுவாக ஓடும். 60 ஹெர்ட்சுக்கான அமெரிக்கப் பதிப்புகளை வைத்துக்கொள்ள முடிவு செய்தோம்.

"மற்றதையெல்லாம் அழித்துவிடலாம், அம்மா," என்றான் மகன். முதலில் சேமிப்புக் கோப்புகளை விரலியில் நகலெடுக்கச் சொன்னேன். பட்டியலிலிருந்து நீக்கினால் பெயர் மட்டுமே மறையும். விளையாட்டுக் கோப்பு கணினியிலேயே இருக்கும். கோப்பையே அழித்தாலோ பெயரை மாற்றினாலோதான் சிக்கல். சேமிப்புக் கோப்பு விளையாட்டுக் கோப்பின் பெயரையே தாங்கியிருக்கும். பெயர் பொருந்தாவிடில், சேமித்த ஆட்டத்தை எமுலேட்டர் கண்டுகொள்ளாது.

வெளியூரில் படிக்கும் மூத்தவன் பாதியில் விட்டுச்சென்ற ஆட்டம் ஓர் ஐரோப்பியப் பதிப்பில் இருந்தது. இளையவன் சற்று யோசித்து, "இது அண்ணனுடையது, இருக்கட்டும்," என்றான்.

நூற்றுக்கணக்கான பெயர்கள் அன்று நீங்கின. பிறர் உழைப்பைக் கேளாமல் அழிக்கலாகாது என்பதை அவன் தானே உணர்ந்தான். வகுப்பறை அலமாரியைத் துப்புரவு செய்யும்போதும் மாணவர்களுக்கு இதனையே கற்பிக்கலாமே!