கழுத்துப்பட்டி கட்டிய கரடி

‘ரொம் அன்ட் ஜெரி’ படங்களால் எம்.ஜி.எம். நிறுவனத்துக்கு ஏழு ஒஸ்கார் விருதுகளை ஈட்டிக்கொடுத்தவர்கள் வில்லியம் ஹன்னாவும் ஜோசப் பார்பெராவும். 1957இல் அந்நிறுவனம் தன் கேலிச்சித்திரப் பிரிவை மூடவே, இருவரும் தொழிலிழந்தனர். எஞ்சிய புகலிடம் தொலைக்காட்சி. அதுவோ சொற்பப் பணமே தந்தது. ஆகவே ஓவியங்களின் தொகையைக் குறைத்தனர். 1958இல் தோன்றிய யோகி கரடியின் கழுத்துப்பட்டி வெறும் அலங்காரமன்று. தலையையும் உடலையும் பிரிக்கும் எல்லைக்கோடு அது. உடலை அசையாது நிறுத்தித் தலையை மட்டும் மாற்றி வரைந்தாற் போதுமாயிற்று. அசைவின் குறையைக் குரல் நிரப்பியது. கலை மலிந்தது என்றனர் பலர். பூனையின் மீசைத் துடிப்பையும் விடாது வரைவித்தவர்கள் அல்லவா, அந்த இழப்பை அவர்கள் அறியாதிருந்திருக்க முடியாது. ஆயினும் 1960இல் ‘பிளின்ற்ஸ்டோன்ஸ்’ இரவு நேரத்தில் வளர்ந்தோரையும் திரைமுன் இருத்தியது. மூடிய கூடத்தின் ஓவியர் சிலருக்கு மீண்டும் வேலை கிடைத்ததும் இந்தக் குறைந்த கோடுகளாலேதான்.