'அரசு அலுவலகம்' என்று பெயர் வைத்துக்கொண்ட நடிகர்!

2023, மே மாதம். கேன்ஸ் திரைப்பட விழாவில் சிறந்த நடிகருக்கான விருது ஒரு ஜப்பானியருக்கு அறிவிக்கப்பட்டது. பெயர், கோஜி யாகுஷோ. வயது 67. 'பெர்ஃபெக்ட் டேஸ்' படத்தில் அவர் ஏற்றிருந்த வேடம், டோக்கியோவின் பொதுக்கழிப்பறைகளைச் சுத்தம் செய்யும் ஹிரயாமா.

ஜப்பானிய மொழி தெரிந்தவர்களுக்கு இதில் ஒரு வேடிக்கை புரியும். 'யாகுஷோ' என்றால் அரசு அலுவலகம். அது அவர் அப்பா அம்மா வைத்த பெயர் இல்லை.

நாகசாகி மாகாணத்தின் இசஹாயாவில் 1956-ல் பிறந்தவர் கோஜி ஹஷிமோட்டோ. பள்ளிப் படிப்பு முடிந்ததும் டோக்கியோவுக்கு வந்து, சியோடா வார்டு அலுவலகத்தில் வேலைக்குச் சேர்ந்தார். மாதச் சம்பளம், நிரந்தர உத்தியோகம். வீட்டில் யாரும் கவலைப்படத் தேவையில்லாத வாழ்க்கை. அப்படிப் போய்க்கொண்டிருந்தவர் ஒருநாள் நாடகம் பார்க்கப் போனார். மாக்சிம் கார்க்கியின் 'அதல பாதாளம்'. மேடையில் இருந்தவர், தத்சுயா நகடாய். அகிரா குரோசாவாவின் 'ககேமுஷா', 'ரான்' படங்களைப் பார்த்தவர்களுக்கு அந்த முகம் மறக்காது.

அந்த நாடகம் இளைஞரை ஆட்டிவைத்துவிட்டது. நகடாய் நடத்திய நடிப்புப் பள்ளியின் தேர்வுக்குப் போய்த் தேறினார். அரசாங்க வேலையை விட்டார். எந்த ஊராக இருந்தாலும் பெற்றவர்கள் வயிற்றில் புளியைக் கரைக்கும் முடிவுதான் அது!

புது மாணவர் முன்பு எங்கே வேலை பார்த்தார் என்பதை வைத்தே குருநாதர் பெயர் சூட்டினார். 'யாகு' என்ற சொல்லுக்கு நடிகர் ஏற்கும் வேடம் என்றும் பொருள் உண்டு. வேடங்கள் பல வகையாக அமையட்டும் என்கிற வாழ்த்தும் அதற்குள் இருந்தது.

வாழ்த்து முதலில் பலித்தது டிவி-யில். 1983-ல் என்.எச்.கே ஒளிபரப்பிய 'டோகுகாவா இயேயாசு' வரலாற்றுத் தொடரில் போர்த்தலைவன் ஒடா நொபுனாகாவாக வந்தார். அதன்பின் ஜப்பானில் அவரைத் தெரியாத வீடு குறைவு. வாளும் குடுமியுமாகவே காலத்தை ஓட்டியிருக்கலாம், ஓட்டவில்லை. 'டாம்போபோ' படத்தில் வெள்ளை கோட் சூட் போட்ட, சாப்பாட்டுப் பித்துப் பிடித்த ரவுடி ஆனார்.

1996-ல் 'ஷல் வீ டான்ஸ்?' வந்தது. கடன் வாங்கி வீடு கட்டி, தினமும் ரயிலில் ஆபீஸ் போய்வரும் கணக்காளர். ரயில் ஜன்னல் வழியே, நடனப் பள்ளி ஜன்னலில் நிற்கும் ஒரு பெண்ணைப் பார்க்கிறார். வீட்டுக்குத் தெரியாமல் நடனம் கற்கப் போகிறார். இதை ஹாலிவுட்டில் ரிச்சர்ட் கியரை வைத்து மறுபடி எடுத்தார்கள். கியர் அழகர்தான், ஆனால் அவரை சாதாரண ஆபீஸ்காரர் என்று நம்புவது கொஞ்சம் சிரமம். யாகுஷோவிடம் அந்தச் சிரமமே இல்லை. கூட்டத்தில் காணாமல் போகக்கூடிய முகம் அவருக்கு.

அந்தச் சாதாரண முகத்தை வைத்தே பயமுறுத்தவும் செய்வார். 1997-ல் வந்த 'தி ஈல்' படத்தில், மனைவியைக் கொன்று சிறை சென்று திரும்பி, முடிதிருத்தும் கடை வைத்து, ஒரு விலாங்கு மீனிடம் மட்டும் மனம்விட்டுப் பேசுபவர். கேன்ஸின் உயரிய விருதான தங்கப் பனை அந்தப் படத்துக்குக் கிடைத்தது. அதே ஆண்டு வந்த 'க்யூர்' படத்தில் கொலைகளைத் துப்பறியப் போய், தானே தடுமாறத் தொடங்கும் போலீஸ்காரர். இரண்டிலும் அவர் குரலை உயர்த்துவது அபூர்வம். அதுதான் நம்மைக் கலங்கடிக்கிறது.

67 வயதிலும் வேகம் குறையவில்லை. கேன்ஸ் விருது வாங்கிய அதே 2023-ல், ஃபுகுஷிமா அணு உலை விபத்தைச் சொல்லும் 'தி டேஸ்' தொடரில் உலையின் மேலாளர். 'விவான்ட்' தொடரில் ஒரு ரகசிய அமைப்பின் தலைவர்.

ஆனாலும் மனதில் நிற்பவர் ஹிரயாமாதான். ஜெர்மானிய இயக்குநர் விம் வெண்டர்ஸ் அவருக்கு வசனம் அதிகம் கொடுக்கவில்லை. விடிந்ததும் படுக்கையை மடிப்பார், செடிகளுக்குத் தண்ணீர் தெளிப்பார், மெஷினில் கேன் காபி எடுப்பார், வேனில் பழைய கேசட்டைப் போடுவார். கண்ணுக்குத் தெரியாத அடிப்பக்கம் சுத்தமாகிவிட்டதா என்று சின்னக் கண்ணாடியை நீட்டிப் பார்ப்பார். யாரும் குனிந்து பார்க்கப்போவதில்லை, இருந்தாலும் பார்ப்பார்.

கடைசிக் காட்சியில் அவர் வேனை ஓட்டுகிறார். நினா சிமோனின் பாட்டு ஒலிக்கிறது. கேமரா அவர் முகத்தைவிட்டு நகரவே இல்லை. சிரிக்கிறார், கண் கலங்குகிறது, மறுபடி சிரிக்கிறார். ஒரு வார்த்தை பேசவில்லை. வெயில் முகத்தில் விழ, வேலைக்குப் போய்க்கொண்டிருக்கிறார்.