ராசம்மா என்னும் பெயர்

ருக்மணி தேவியைச் சிங்களத் திரையுலகின் முதல் நாயகியாக அறிந்தோர் பலர். அவர் மேடையில் வளர்ந்த நடிகை என்பதை அறிந்தோர் சிலரே. பெற்றோர் அவருக்கு இட்ட பெயர் டெய்சி ராசம்மா டானியல்ஸ் என்பதை, நான் சொல்லும்வரை எமது தோட்டத்தில் ஒருவரும் அறிந்திருக்கவில்லை. அவருடைய பாடல்களை மட்டும் வானொலி வழியாக எல்லாரும் அறிந்திருந்தனர்.

1923ஆம் ஆண்டு ஜனவரி 15ஆந் திகதி, மலையகத்தின் இறம்பொடையில், கொழும்புச் செட்டி மரபினைச் சார்ந்த கிறித்தவக் குடும்பமொன்றில் அவர் பிறந்தார். குடும்பம் கொழும்புக்குப் பெயர்ந்த பின், பன்னிரண்டு வயதளவில் இராமாயண நாடகத்தில் சீதையாகத் தோன்றினார். அதன்பின் பீ. ஏ. டபிள்யூ. ஜயமான்னவின் மினர்வா நாடகக் குழு அவரை நாயகியாக்கிற்று. 1947இல் வெளிவந்த முதற் சிங்களப் பேசும்படமான 'கடவுணு பொறொந்துவ' அக்குழு மேடையேற்றிய நாடகமே. அது படமாக்கப்பட்டது தென்னிந்தியாவில், தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்னும் தமிழர். சிங்களப் படவுலகின் பிறப்பிலே இத்துணைத் தமிழ்த் தொடர்பு இருந்தமை இன்று இரு சாராராலும் அதிகம் பேசப்படுவதில்லை. 1978 ஒக்டோபர் 28ஆந் திகதி, மாத்தறையில் பாடிவிட்டுத் திரும்புகையில், ஜா-எலவை அடுத்து நேர்ந்த வாகன விபத்தில் அவர் உயிர் நீத்தார்.

இரத்தினபுரி மாவட்டத்து இறப்பர்த் தோட்டமொன்றே எனது பிறப்பிடம். மாசியில் அங்கு காமன்கூத்து நடைபெறும். ரதியாக ஆடுபவர் ஆடவரே. பால் வெட்டும் அண்ணன் ஒருவர் பல ஆண்டுகள் ரதியாக ஆடினார். அழகாகவே ஆடினார் என்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும், ரதியின் புலம்பலைப் பாட வல்ல குரல்கள் எத்தனையோ லயத்து அடுப்படியிலேயே அடங்கிப் போயின. "பொம்பளப் புள்ளைக்குக் கூத்து எதுக்கு?" என்பது அம்மாவின் கேள்வி. அம்மாவும் நன்றாகப் பாடுவார்.

சித்தப்பாவின் மகள் சிங்களப் பாடசாலையில் பயில்கிறாள். சிங்களக் கிராமங்கள் சூழ்ந்த சப்பிரகமுவத் தோட்டங்களில் இது புதுமையன்று. அங்கே அவளுக்கு வேறொரு பெயர் வழங்குகிறது. இவ்வாண்டு பாடசாலை நாடகத்தில் முதன்மைப் பாத்திரம் அவளுக்குக் கிடைத்துள்ளது. நிகழ்ச்சிநிரலில் எப்பெயரை இடுவது என்று என்னைக் கேட்டாள்.

ருக்மணி தேவி பெயர் மாற்றவில்லையா என்று சித்தப்பா வாதிடுகிறார். மேடைக்கெனப் பெயர் சூடுவது கலைஞர் வழக்கம். அது இருமொழியாரும் இயல்பாக உச்சரிக்கத்தக்க பெயருங்கூட. வகுப்பில் வேற்றாளாகத் தெரிந்துவிடுவோமோ என்று அஞ்சிப் பெயரை ஒளிப்பதை அதனோடு ஒப்பிடல் பொருந்துமா? பொருந்தாது என்றே கருதுகிறேன். அதேவேளை, அந்த வகுப்பில் நாள்தோறும் அமர்ந்திருப்பவள் அவளேயன்றி நானல்லள்.

இரு பெயர்களையும் இடுமாறு கேட்கச் சொன்னேன். இடம் போதாது என்றாராம் ஆசிரியை. மீண்டும் கேட்கப் போவதாகத் தங்கை கூறுகிறாள். நிகழ்ச்சிநிரல் இன்னும் அச்சாகவில்லை.