மூன்று கோயில், ஒரு பகல்

சோழர் கோயில்களைக் காட்டும் வேலையில் பாதி முதல் நாள் இரவே முடிந்துவிட வேண்டும். வண்டி எது, எத்தனை பேர், முட்டிவலிக்காரர் யாராவது உண்டா, சின்னப் பிள்ளைகள் வருகிறார்களா, எத்தனை மணிக்குக் கிளம்புவது என்பதையெல்லாம் போனிலேயே பேசி முடித்துவிட்டால், மறுநாள் பார்ப்பதற்கு மட்டும் நேரம் செலவாகும். தஞ்சாவூரில் வழிகாட்டியாக இருக்கும் என்னிடம் வருபவர்கள் பெரும்பாலும் குடும்பத்தோடு வருகிறார்கள். சென்னை, கோவை, மலேசியா, சிங்கப்பூர் என்று ஊர்தான் மாறும். கேள்வி மாறாது.

“சார், ஒரே நாள்தான் இருக்கு. பெரிய கோயில், கங்கைகொண்ட சோழபுரம், தாராசுரம் பார்த்துட்டு, அப்படியே நவக்கிரகக் கோயில் ரெண்டு மூணு சேர்த்துக்கலாமா?”

மூன்றோடு நிறுத்திக்கொள்ளுங்கள் என்றுதான் சொல்வேன். நவக்கிரகத் தலங்கள் வழிபாட்டுப் பயணம். அதற்குத் தனி நாளும் தனி மனநிலையும் வேண்டும். இந்த மூன்று கோயில்களும் ஒரே கதையின் மூன்று பாகங்கள். யுனெஸ்கோ 1987இல் தஞ்சைக் கோயிலை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. 2004இல் மற்ற இரண்டையும் அதனோடு சேர்த்தது. ராஜராஜன் கட்டியது, அவன் மகன் ராஜேந்திரன் கட்டியது, ஒரு நூற்றாண்டுக்கும் மேல் கழித்து இரண்டாம் ராஜராஜன் கட்டியது என்று கட்டிய வரிசையிலேயே பார்த்தால், விமானத்தின் உயரம் குறைந்துகொண்டே வருவதும் சிற்ப வேலை நுணுகிக்கொண்டே போவதும் யாரும் சொல்லாமலே தெரியும்.

நல்ல வேளையாக, வெயிலுக்கும் நடை திறக்கும் நேரத்துக்கும் இந்த வரிசைதான் பொருந்துகிறது. தனி வண்டி வைத்துக்கொள்வதில் நான் காணும் பெரிய பயன் இதுதான்: பொழுது நம் கையில் இருக்கும். ஐந்தரைக்கு விடுதி வாசலில் வண்டி நின்றால் ஆறு மணிக்கு, நடை திறக்கும்போது, பெரிய கோயிலுக்குள் இருக்கலாம். ஆனால் ஐந்தரைக்கு வண்டி வர வேண்டுமென்றால் ஓட்டுநர் முந்தின இரவு தூங்கியிருக்க வேண்டும். சவாரி பேசும்போது நான் ஓட்டுநரிடம் கேட்கும் முதல் கேள்வி, “அண்ணே, ராத்திரி எத்தனை மணிக்கு வீட்டுக்குப் போவீங்க?” என்பதுதான். நள்ளிரவில் திருச்சி விமான நிலையத்தில் ஆளை இறக்கிவிட்டு வருபவரை, இன்னும் ஐந்நூறு ரூபாய் பேட்டா கூடத் தருகிறேன் என்று சொல்லி விடியலில் அழைக்கக் கூடாது. வண்டிக்குள் இருப்பது குழந்தைகள்.

பெரிய கோயிலுக்குள் போனதும் நேரே சன்னிதிக்கு அழைத்துப்போவதில்லை. கேரளாந்தகன் வாசலையும் ராஜராஜன் வாசலையும் தாண்டி, நந்தியைச் சுற்றிக்கொண்டு, விமானத்தின் மேற்குப் பக்கம் போய்விடுவேன். ஏழு மணி வெயிலில் அங்கே விமானத்தின் நிழல் முற்றத்தில் நீளமாகக் கிடக்கும். எல்லாரையும் அந்த நிழலிலேயே நிற்கவைத்து அண்ணாந்து பார்க்கச் சொல்வேன். நிழல் தரையில் விழாது என்று கேள்விப்பட்டு வந்தவர்கள்தான் அநேகம் பேர். உச்சியில் இருப்பது எண்பது டன் எடையுள்ள ஒரே கல் என்றும் கேள்விப்பட்டிருப்பார்கள். அந்தச் சிகரம் பல கற்களை இணைத்துச் செய்தது. இந்த இரண்டு கதைகளையும் சொன்னால் கூட்டம் வியக்கும், வழிகாட்டிக்கும் கைநிறையக் கிடைக்கும். இருந்தும் சொல்லக் கூடாது என்பதில் நான் உறுதியாக இருக்கிறேன். 216 அடி உயரத்துக்குக் கல்லின் மேல் கல்லாக அடுக்கி, 1010இல் முடித்து, இன்றுவரை நிற்கும் கட்டடத்துக்குப் பொய்யால் பெருமை சேர்க்க வேண்டிய அவசியம் என்ன? சுற்றுவட்டாரம் பெரும்பாலும் வண்டல் மண். இத்தனை கல்லும் வெளியிலிருந்து வந்தது. அந்த ஒரு உண்மையே போதும், யோசிக்கத் தெரிந்தவர் வாயடைத்து நிற்பார்.

அடுத்து எழுத்து. விமானத்தின் அடிப்பகுதியைச் சுற்றி ஓடும் கல்வெட்டு வரிகளுக்கு முன் பிள்ளைகளை நிறுத்தி, “ப எங்கே இருக்கு, ட எங்கே இருக்கு, கண்டுபிடிங்க” என்பேன். இந்த இரண்டும் ஆயிரம் வருடத்தில் பெரிதாக மாறவில்லை. புள்ளி மட்டும் இருக்காது. பத்து நிமிடத்தில் பிள்ளை ஒரு சொல்லைக் கூட்டிப் படித்துவிடும். மலேசியாவில் தமிழ்ப் பள்ளியில் படிக்கும் ஒரு பெண், கல்லில் விரல் படாமல் காற்றிலேயே எழுத்தைத் தடவித் தடவிப் படித்துக்கொண்டே போனாள். அவளுடைய பாட்டி பின்னாலேயே நடந்தார். அந்தக் குடும்பத்துக்கு அன்று நான் வேறெதுவும் சொல்லவில்லை, சொல்லத் தேவையும் இருக்கவில்லை. பெரியவர்களுக்கு விளக்குக் கணக்கைச் சொல்வேன். ஒரு நந்தாவிளக்கு எரிய 96 ஆடுகள். அதை ஏற்றுக்கொண்ட இடையர் நாள்தோறும் ஒரு உழக்கு நெய் அளக்க வேண்டும். ஆடு செத்தாலும் கிழடானாலும் குட்டியைக் கொண்டு கணக்கை நிரப்புவது அவர் பொறுப்பு. அரசனுடைய பெயரும், அவனுடைய அக்காள் குந்தவையின் பெயரும், கோயிலில் ஆடிய தளிச்சேரிப் பெண்டுகள் நானூறு பேரின் பெயரும், ஆடு மேய்த்தவரின் பெயரும் ஒரே கோயிலின் சுவர்களில் இருக்கின்றன.

எட்டரைக்குக் கிளம்பிவிட வேண்டும். எழுபது கிலோமீட்டர் ஓட்டம். வழியில் டிபன்.

கும்பகோணம், திருப்பனந்தாள் தாண்டி அணைக்கரைப் பாலத்தில் வண்டி ஏறும்போது பாட்டை நிறுத்தச் சொல்வேன். கொள்ளிடத்தின் குறுக்கே நிற்கும் இந்தக் கீழணை ஆர்தர் காட்டன் காலத்தில், 1836இல் கட்டியது. டெல்டாவில் கல் கிடைக்காது என்று சொன்னேன் அல்லவா? அணைக்குக் கல் தேடியவர்கள் பக்கத்திலிருந்த கங்கைகொண்ட சோழபுரத்துக் கோயிலின் மதிலைப் பெயர்த்துக் கொண்டுவந்தார்கள். கேட்டதும் வண்டிக்குள் ஒரு கொதிப்பு கிளம்பும். நியாயமான கொதிப்பு. பிறகு மீதிக் கதையையும் சொல்வேன். இந்த அணையில் தேங்கும் தண்ணீர் வடவாறு வழியாக வீராணம் ஏரிக்குப் போகிறது. வீராணம் முதலாம் பராந்தக சோழன் காலத்து ஏரி. அங்கிருந்து குழாயில் சென்னைக்குக் குடிநீர் போகிறது. சென்னைக்காரர்கள் சற்று நேரம் பேசாமல் வருவார்கள். இதைக் கோயிலுக்குள் நின்று சொன்னால் தகவல். பாலத்தின் மேல், சக்கரத்துக்குக் கீழே அந்தக் கல்லும் தண்ணீரும் இருக்கும்போது சொன்னால் மனதில் நிற்கும். சொல்ல வேண்டியதைச் சொல்ல வேண்டிய இடத்தில் சொல்வது என்பதைத்தான் இந்தத் தொழிலில் நான் கற்றுக்கொண்டே இருக்கிறேன்.

கங்கைகொண்ட சோழபுரம் இரண்டரை நூற்றாண்டுத் தலைநகரம். இன்று கோயிலைச் சுற்றிச் சிற்றூர். மதில் போன சுவடும், மாளிகைமேட்டில் தோண்டி எடுத்த செங்கல் அடித்தளமும்தான் அரண்மனைக்குச் சாட்சி. பத்தரை, பதினொன்றுக்குள் போய்விட்டால் கல் இன்னும் சுடாது. ஆனாலும் காலுறை கொண்டுவரச் சொல்லியிருப்பேன், பன்னிரண்டு மணிக்கு அந்த முற்றத்தில் வெறுங்காலால் நடக்க முடியாது.

இங்கே ஒரே ஒரு சிற்பத்துக்கு அரைமணி நேரம் ஒதுக்குவேன். வடபுறப் படியேறும் இடத்தில், சண்டேச அனுக்கிரக மூர்த்தி. சிவன் அமர்ந்திருக்கிறார், பக்கத்தில் உமை. கீழே கைகூப்பிய சண்டேசர். சிவன் ஒரு கொன்றை மாலையைச் சண்டேசரின் தலையில் சுற்றுகிறார். கூட்டம் முதலில் முகங்களைத்தான் பார்க்கும். “கையைப் பாருங்கம்மா” என்பேன். மாலை நழுவாமல் ஒரு கை பிடித்திருக்க, இன்னொரு கை சுற்றுகிறது. பிள்ளைக்குத் தலை துவட்டும் தகப்பனுடைய கை அது. சண்டேசர் அதற்கு வாகாகத் தலையைக் கொடுத்திருக்கிறார். மார்கழி, தை மாதங்களில் அந்த வடக்குச் சுவரில் நேர்வெயில் விழாது. சீரான வெளிச்சத்தில் விரல் மடிப்பு வரை தெரியும். கங்கைவரை படை அனுப்பி, கடல் தாண்டி கடாரம் கொண்டவன் கட்டிய கோயிலில், எல்லாரையும் நிறுத்திவைப்பது இந்தக் கைகள்தான்.

பன்னிரண்டு மணிக்கு நடை சாத்தினால் நான்கு மணிக்குத்தான் திறக்கும். இந்த இடைவெளியில்தான் சில வண்டிகள் பட்டுக்கடைக்கும் சிலைக்கடைக்கும் திரும்பும். கமிஷன் இருப்பது ஊரறிந்த விஷயம். வந்தவர்களே கேட்டாலொழிய நான் போவதில்லை. கும்பகோணத்தில் சாப்பாடு, பிறகு ஒரு மணி நேரமாவது படுக்க இடம். இதற்கு ஒரு அறை எடுப்பது வீண்செலவு இல்லை. களைத்த கண்ணுக்குத் தாராசுரம் ஒன்றும் காட்டாது.

ஏனென்றால் தாராசுரம் குனிந்து பார்க்க வேண்டிய கோயில். விமானம் ஏறத்தாழ எண்பது அடிதான். சக்கரமும் குதிரையும் பூட்டிய ராசகம்பீரன் மண்டபத்தைப் படமெடுத்ததும் பலர் வாசலை நோக்கித் திரும்பிவிடுவார்கள். நான் கருவறைச் சுவரின் அடிவரிசைக்கு அழைத்துப்போய்த் தரையில் உட்காரச் சொல்வேன். நாயன்மார் கதைகள் அங்கே சிறுசிறு சிற்பங்களாக, பெயர்ப் பொறிப்போடு வரிசையாக இருக்கின்றன. கண்ணப்பர் கண்ணைத் தோண்டுகிறார். முதலை விழுங்கிய பிள்ளையைச் சுந்தரர் மீட்கிறார். பெரியபுராணம் பாடிய சேக்கிழார் இரண்டாம் குலோத்துங்கனிடம் அமைச்சராக இருந்தவர். அவனுடைய மகன் கட்டிய கோயில் இது. நூல் பிறந்து ஒரு தலைமுறைக்குள் கல்லில் ஏறிவிட்டது. கதை தெரிந்த பாட்டிமார் இங்கே வழிகாட்டியாகிவிடுவார்கள், நான் ஒதுங்கி நின்று கேட்பேன். பேரப்பிள்ளைகளும் என்னைவிட அவர்கள் சொல்வதைத்தான் நன்றாகக் கேட்கிறார்கள்.

வர நினைப்பவர்கள் ஐப்பசி, கார்த்திகையைத் தவிர்த்துவிடுங்கள். தாராசுரத்து முற்றம் தெருமட்டத்தைவிடத் தாழ்ந்தது, மழைக்குத் தண்ணீர் தேங்கி நிற்கும். தை, மாசி நல்ல காலம். ஆளுக்கு ஒரு ஜோடி காலுறை, தண்ணீர், பெரியவர்களுக்கு மடக்கு நாற்காலி போதும். முடிந்தால் வீட்டிலிருக்கும் பாட்டியையும் அழைத்து வாருங்கள். நான்காவது கோயிலை மட்டும் கேட்காதீர்கள்.